பிரிட்டில்புஷ் செடியின் இலை ஏன் வெள்ளையாக இருக்கிறது?

பிரிட்டில்புஷ் என்பது வட அமெரிக்காவின் சொனோரா, மொஹாவி பாலைவனங்களின் கல் நிறைந்த மலைச்சரிவுகளில் வளரும் புதர்ச்செடி. சூரியகாந்திக் குடும்பம், மஞ்சள் பூக்கள் நீண்ட காம்புகளில் இலைகளுக்கு மேலே நிற்கும்.

இலைக்கு அந்த வெள்ளையைத் தருவது அதன்மேல் அடர்ந்திருக்கும் நுண்மயிர்கள். மொட்டை மாடிக்கு வெள்ளையடித்தால் வீட்டில் சூடு குறைவதுபோல், இவை வெயிலைத் திருப்பி அனுப்புகின்றன. இலை சூடேறாததால் நீரிழப்பும் குறைகிறது.

ஆனால் அதே மயிர், செடி உணவு தயாரிக்கத் தேவையான ஒளியையும் தடுக்கும். அதனால்தான் மழைக்குப் பின் துளிர்க்கும் இலைகள் பெரிதாக, மயிர் குறைந்து பச்சையாக இருக்கின்றன. வறட்சியில் வருபவை சிறுத்து வெளுத்திருக்கும். மிகவும் காய்ந்தால் இலைகளையே உதிர்த்துவிடும், கெட்டிக்காரச் செடி!

இந்த வெளுப்பைச் சாம்பல் நோய் (இலைமேல் படரும் பூஞ்சை நோய்) என்று நினைத்து மருந்து அடித்துவிடாதீர்கள். நோய்ப்படலம் விரலால் தேய்த்தால் மாவாக ஒட்டும், இந்த மயிர்ப்போர்வை அப்படி வராது.