சட்டம் படித்தவர் பாதுகாப்புத் துறையில் மேலே போக எந்த வழி?

கேள்வி: நான் மண்டபத்தில் விசைப்படகு வைத்துத் தொழில் செய்கிறேன். என் மகளுக்கு வயது 22. ராமநாதபுரம் அரசு சட்டக் கல்லூரியில் கடைசி ஆண்டு படிக்கிறாள். சைரஸ் வான்ஸ் என்ற அமெரிக்க வக்கீல் பாதுகாப்புத் துறையில் பெரிய பதவிக்குப் போன கதையைப் படித்துவிட்டு, தானும் அப்படிப் போக வேண்டும் என்கிறாள். நம் நாட்டில் அதற்கு வழி உண்டா? இன்னொன்று. எல்லை தாண்டியதாக என் தம்பியை இலங்கைக் கடற்படை ஒருமுறை பிடித்துப் போய், சில வாரம் சிறையில் இருந்து வந்தான். அது இவளுக்குத் தடையாகுமா?

பதில்: இரண்டாவது கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன். உங்கள் மனதை அதிகம் அரிப்பது அதுதான் என்று தெரிகிறது. தடையாகாது. அரசு வேலைக்கான சரிபார்ப்புப் படிவம், விண்ணப்பிப்பவர் கைதானாரா, அவர் மீது வழக்கு உண்டா என்றுதான் கேட்கிறது. சித்தப்பா கைதானது உங்கள் மகளின் கணக்கில் வராது. ஆனால் படிவத்தில் கேட்டதை மறைத்தால் மறைத்ததே குற்றமாகிவிடும். 2016-ல் அவ்தார் சிங் வழக்கில், படிவத்தில் தரும் தகவல் உண்மையாக இருக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் தெளிவாகவே சொன்னது. எனவே கேட்டதற்கு உள்ளது உள்ளபடி எழுதட்டும். நேர்முகத்தில் சித்தப்பா பேச்சு வந்தால் தயங்காமல் சொல்லட்டும். பாக் நீரிணைக் கரையில் பிறந்த பிள்ளைக்கு அதில் வெட்கப்பட என்ன இருக்கிறது?

இனி வான்ஸ் கதை. யேல் பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்தவர், இரண்டாம் உலகப் போரில் கடற்படையில் இருந்தவர், பிறகு நியூயார்க்கில் வக்கீல். 1961-ல் பாதுகாப்புத் துறையின் தலைமைச் சட்ட ஆலோசகர், 1962-ல் தரைப்படைத் துறைச் செயலர், 1964-ல் துறையின் இரண்டாம் இடமான துணைச் செயலர். 1967-ல் விலகி வக்கீல் தொழிலுக்கே திரும்பினார். 1977-ல் வெளியுறவுச் செயலர் ஆனார். அங்கே இதெல்லாம் அதிபர் நியமித்து செனட் ஒப்புதல் தரும் பதவிகள். அதனால் ஒரு வக்கீல் நடுவயதில் உள்ளே வரலாம், வெளியே போகலாம்.

நம் நாட்டில் அந்தக் கதவு அநேகமாக இல்லை. வெளியிலிருந்து நேரடியாக இணைச் செயலர்களை எடுக்கும் முறை 2018-ல் தொடங்கியது. 2024 ஆகஸ்ட்டில் வந்த அறிவிப்பு சில நாட்களிலேயே திரும்பப் பெறப்பட்டது. அதை நம்பித் திட்டம் போட வேண்டாம். இங்கே வக்கீல்கள் பாதுகாப்புத் துறையின் உச்சிக்குப் போனது அரசியல் வழியாகத்தான். பட்டுக்கோட்டைப் பக்கம் ராஜாமடத்தில் பிறந்து, சென்னை உயர் நீதிமன்றத்தில் வக்கீலாக இருந்த ஆர். வெங்கட்ராமன் 1982 முதல் 1984 வரை பாதுகாப்பு அமைச்சர். ஏவுகணைகளை ஒன்றன்பின் ஒன்றாகச் செய்யலாம் என்று அப்துல் கலாம் குழு திட்டம் கொண்டுபோனபோது, எல்லாவற்றையும் சேர்த்தே தொடங்குங்கள் என்றவர் அவர். 1983-ல் ஒருங்கிணைந்த ஏவுகணைத் திட்டம் அப்படிப் பிறந்தது. ராமேஸ்வரத்துப் பிள்ளையின் கனவுக்கு ஒரு வக்கீல் கையெழுத்திட்டார் என்பதை உங்கள் மகளிடம் சொல்லுங்கள், சந்தோஷப்படுவாள்.

அரசியல் வேண்டாம் என்றால் இரண்டு பாதைகள் உண்டு. ஒன்று சீருடை, மற்றொன்று கோப்பு.

சீருடைப் பாதையில் முதன்மையானது தரைப்படையின் சட்டப் பிரிவு. ஜேஏஜி, அதாவது 'ஜாக்' என்பார்கள். சட்டப் பட்டத்தில் 55 சதவீதம், வயது 21 முதல் 27, திருமணமாகாதவர், பார் கவுன்சிலில் பதிவு செய்யத் தகுதி. இவைதான் அடிப்படை. தனி எழுத்துத் தேர்வு கிடையாது. அண்மை ஆண்டுகளில் முதுகலைச் சட்டப் படிப்புக்கான கிளாட் தேர்வு மதிப்பெண்ணைக் கட்டாயமாகக் கேட்கிறார்கள். அதைத் தாண்டினால் படைக்கு அதிகாரிகளைத் தேர்வு செய்யும் வாரியம் நடத்தும் ஐந்து நாள் எஸ்எஸ்பி தேர்வு, மருத்துவப் பரிசோதனை, சென்னை பரங்கிமலை அகாடமியில் 49 வாரப் பயிற்சி, அப்புறம் லெப்டினன்ட். இது குறுகியகாலப் பணி. முதலில் 10 ஆண்டு, விரும்பினால் மேலும் 4 ஆண்டு. பெண்களுக்கு நிரந்தரப் பணி 2008-லேயே இந்தப் பிரிவில் திறந்துவிட்டது. ஆணுக்கு அதிக இடம், பெண்ணுக்குக் குறைந்த இடம் என்று பிரித்து எடுத்து வந்ததையும் 2025 ஆகஸ்ட்டில் உச்ச நீதிமன்றம் செல்லாது என்று சொல்லி, ஆண் பெண் இருவருக்கும் ஒரே தகுதிப் பட்டியல் போடச் சொன்னது. உங்கள் மகள் நல்ல நேரத்தில் வருகிறாள்.

வேலை என்னவென்றால், ராணுவ நீதிமன்றம் நடக்கும்போது சட்ட நெறி சொல்வது, தளபதிகளுக்கு ஆலோசனை தருவது, ஆயுதப்படைத் தீர்ப்பாயத்திலும் உயர் நீதிமன்றங்களிலும் வரும் வழக்குகளைக் கவனிப்பது. இந்தப் பிரிவின் தலைவர் மேஜர் ஜெனரல். அதற்கு மேல் இந்தப் பாதை போகாது, அதையும் தெரிந்துகொண்டே சேரட்டும். கடற்படையும் சட்டப் பட்டதாரிகளை எடுக்கிறது. உச்சிப்புளியில் 'பருந்து' கடற்படை விமானத் தளத்தைப் பார்த்து வளர்ந்தவளுக்கு அந்த வெள்ளைச் சீருடையே பிடிக்கலாம். எதுவானாலும் இடங்கள் மிகக் குறைவு. அறிவிப்பைத் தவறவிடக் கூடாது.

கோப்புப் பாதை என்பது யுபிஎஸ்சி குடிமைப்பணித் தேர்வு. பாதுகாப்புச் செயலர் நாற்காலி வழக்கமாக மூத்த ஐஏஎஸ் அதிகாரிக்கே. முதன்மைத் தேர்வின் 1750 மதிப்பெண்ணில் 500 விருப்பப் பாடத்துக்கு. அதில் சட்டத்தை எடுக்கலாம். பலர் கவனிக்காத ஒன்று, அதே தேர்வில் வரும் இந்தியப் பாதுகாப்பு நிலச் சேவை. ராணுவக் குடியிருப்புப் பகுதிகளான கன்டோன்மென்ட்டுகளின் நிர்வாகம், ராணுவ நிலங்கள், ஆக்கிரமிப்பு, குத்தகை, இழப்பீடு என்று முழுக்கச் சட்டம் ஊறிய வேலை. ஐஏஎஸ் கிடைக்கவில்லையே என்று சோர்ந்து போகிறவர்கள் இதை ஒரு இழப்பாகப் பார்க்கிறார்கள். சட்டம் படித்தவருக்கு இது பரிசு என்பது என் கருத்து.

எதை முதலில் முயல்வது? என் பதில் தயக்கமில்லாமல் சீருடைதான். காரணம் வயது. ஜாக் கதவு 27-ல் மூடிவிடும். குடிமைப்பணிக்குப் பொதுப் பிரிவில் 32 வரை, ஓபிசிக்கு 35 வரை நேரம் இருக்கிறது. குறைந்தது ஐந்தாண்டு படையில் பணி செய்து, பணிக்காலம் முடித்து வெளிவரும் குறுகியகால அதிகாரிக்குக் குடிமைப்பணித் தேர்வில் மேலும் 5 ஆண்டு வயதுச் சலுகையும் உண்டு. பணியில் இருந்துகொண்டே படிப்பது கடினம்தான். ஆனால் அந்த அனுபவத்தோடு நேர்முகத்தில் உட்காருபவரின் பேச்சே வேறாக இருக்கும்.

படிப்பில் ஒன்றை மட்டும் அழுத்திச் சொல்கிறேன். கடல் சட்டத்தை உங்கள் மகள் ஆழமாகப் படிக்க வேண்டும். 1974, 1976 இந்திய-இலங்கை ஒப்பந்தங்களின் வாசகம், 1976-ன் இந்தியக் கடல் மண்டலச் சட்டம், 1982-ன் ஐ.நா. கடல் சட்ட உடன்படிக்கை, 1983-ன் தமிழ்நாடு கடல் மீன்பிடி ஒழுங்குமுறைச் சட்டம். ராமநாதபுரம் என்றதும் கச்சத்தீவைப் பற்றிக் கேட்க வாய்ப்பு அதிகம். 1974 ஒப்பந்தம் நம் மீனவர்கள் அங்கே வந்து போக இடம் தந்தது. 1976-ல் பரிமாறிய கடிதங்கள், ஒருவர் கடலில் மற்றவர் மீன்பிடிக்கக் கூடாது என்றன. இந்த இரண்டுக்கும் நடுவில்தான் உங்கள் தம்பியின் படகு மாட்டிக்கொண்டது. விசைப்படகுகளின் இழுவை மடி வலையால் அந்தப் பக்கத்து மீனவருக்கு ஏற்படும் நஷ்டத்தையும் அவள் மறைக்காமல் பேச வேண்டும். நம் துயரத்தை அறிந்தவர், சட்டத்தையும் அறிந்தவர், எதிர்க்கரையின் நியாயத்தையும் கேட்டவர் என்று ஒருவர் டெல்லியில் அந்த மேசையில் இருக்க வேண்டும் என்பது என் உண்மையான ஆசை.

எஸ்எஸ்பி ஆங்கிலத்தில் நடக்கும். இலக்கண சுத்தத்தை விட, தெளிவாக யோசித்துச் சரளமாகப் பேசுவதுதான் முக்கியம். வகுப்புத் தோழியோடு தினமும் அரை மணி நேரம் ஆங்கிலத்தில் வாதாடினாலே போதும், பயிற்சி மையத்துக்குப் பெரும் பணம் கட்ட வேண்டியதில்லை. கூடவே ஓட்டமும் உடற்பயிற்சியும்.

இப்போதே செய்ய வேண்டியவை இரண்டு. கிளாட் தேர்வு வழக்கமாக டிசம்பரில் வரும், விண்ணப்பம் அதற்குச் சில வாரம் முன்பே முடிந்துவிடும். கடைசி ஆண்டு மாணவியாக இந்த முறையே எழுதட்டும். இன்னொன்று சான்றிதழ். யுபிஎஸ்சிக்கு நம் மாநில பிசி, எம்பிசி சாதிச் சான்றிதழ் செல்லாது. மத்திய அரசுப் படிவத்தில், கிரீமி லேயரில், அதாவது வசதி படைத்த பிரிவில், வரவில்லை என்ற ஓபிசி சான்றிதழ் தனியாக வாங்க வேண்டும். இ-சேவை மையத்தில் விண்ணப்பிக்கும்போது மத்திய அரசுக்கானது என்று சொல்லியே வாங்குங்கள்.