மலாவியில் ஓட்டால் ஆட்சி மாறுகிறது; வறுமை ஏன் மாறவில்லை?

கேள்வி இதுதான்: ஏழை ஆப்பிரிக்க நாடொன்றில் ஜனநாயகம் வந்தால் பொருளாதாரம் வளருமா? அல்லது முதலில் வளர்ச்சி, பிறகு ஜனநாயகம் என்பதுதான் சரியா?

ஆப்பிரிக்கா முழுவதையும் ஒரே மூச்சில் பேசினால் பதில் கிடைக்காது. ஒரு நாட்டை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்: மலாவி. மக்கள்தொகை இரண்டு கோடிக்குச் சற்று மேல், தலைக்கு ஆண்டு வருமானம் ஏறத்தாழ 600 டாலர், கடற்கரை கிடையாது. உள்நாட்டுப் போர் நடந்ததில்லை, ராணுவம் ஆட்சியைப் பிடித்ததும் இல்லை. 1994 முதல் பல கட்சித் தேர்தல் தவறாமல் நடக்கிறது. 2014, 2020, 2025 என மூன்று முறை பதவியிலிருந்த அதிபரை மக்கள் ஓட்டுப் போட்டு வீட்டுக்கு அனுப்பியிருக்கிறார்கள். அப்படியும் உலகின் மிக ஏழை நாடுகளின் வரிசையில்தான் இருக்கிறது.

இதை வைத்து ஜனநாயகம் தோற்றுவிட்டது என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. ஒரு சாகுபடிப் பருவத்துக்குள் கைக்கு வந்து சேரக்கூடியதை மலாவி மக்கள் ஓட்டின் மூலம் வாங்கிக்கொண்டார்கள். பத்தாண்டு பிடிக்கும் வேலைகளை அந்த ஓட்டால் வாங்க முடியவில்லை.

"முதலில் வளர்ச்சி" என்ற வாதத்தை அந்த நாடு முப்பது ஆண்டுகள் சோதித்தும் பார்த்துவிட்டது. 1964-ல் விடுதலை பெற்றதிலிருந்து 1994 வரை ஹேஸ்டிங்ஸ் பண்டாவின் ஆட்சி, ஒரே கட்சி. முக்கிய ஏற்றுமதிப் பயிரான பர்லி புகையிலையைப் பயிரிடும் உரிமை பெருந்தோட்டங்களுக்கு மட்டுமே இருந்தது. சிறு விவசாயிகளுக்கு அது திறந்துவிடப்பட்டது 1990-ல்தான். அமைதி இருந்தது, கட்டுப்பாடு இருந்தது. ஆனால் வளர்ச்சியின் பலன் தோட்ட வேலியைத் தாண்டவில்லை. 1993 ஜூன் மாதப் பொது வாக்கெடுப்பில் மக்கள் பல கட்சி முறையைத் தேர்ந்தெடுத்ததற்கு இதுவும் ஒரு காரணம்.

ஓட்டின் முதல் விளைவு உடனே தெரிந்தது. 1994-ல் வென்ற பக்கிலி முலுசி தொடக்கக் கல்விக் கட்டணத்தை ரத்து செய்தார். சுமார் 19 லட்சமாக இருந்த மாணவர் எண்ணிக்கை ஓராண்டில் 30 லட்சத்தை நெருங்கியது. வகுப்பறைகளோ ஆசிரியர்களோ அந்த வேகத்தில் பெருகவில்லை. பயிற்சி பெறாத ஆசிரியர்களை ஆயிரக்கணக்கில் அமர்த்தி, மரத்தடியில் நூறு பிள்ளைகளை உட்கார வைத்தார்கள். கட்டணத்தை ஒரு கையெழுத்தில் நீக்கிவிடலாம், ஆசிரியரை அப்படி உருவாக்க முடியாது.

பத்திரிகைச் சுதந்திரம் உள்ள ஜனநாயக நாட்டில் பெரும் பஞ்சம் வராது என்றார் அமர்த்திய சென். 2001-02-ல் மலாவி அந்தக் கூற்றைச் சோதித்தது. அறுவடைக் கணக்கில் மரவள்ளி, சர்க்கரைவள்ளி விளைச்சலை மிகைப்படுத்திக் காட்டியதால் உணவு போதும் என்ற தோற்றம் உண்டானது. சேமிப்புத் தானியத்தைக் குறைக்கச் சொல்லிப் பன்னாட்டு நிதியம் (ஐ.எம்.எஃப்.) ஆலோசனை கூறியது. கையிருப்பு குறைந்ததோடு நிற்கவில்லை, முழுவதுமே விற்றுத் தீர்ந்தது. விளைச்சல் குறைந்தபோது கிடங்கு காலி. பட்டினியை அரசு தாமதமாகத்தான் ஒப்புக்கொண்டது. இறந்தோர் எண்ணிக்கை பற்றி இன்றும் கருத்து வேறுபாடு உண்டு. அதே 2002-ல் முலுசிக்கு வரம்பில்லாப் பதவிக்காலம் தரும் மசோதா, மூன்றில் இரண்டு பங்குக்கு மூன்று ஓட்டு குறைந்து நாடாளுமன்றத்தில் வீழ்ந்தது. ஒரே நாடு, ஒரே ஆண்டு: அதிபரைத் தடுக்க முடிந்த நிறுவனங்களால் பட்டினியைத் தடுக்க முடியவில்லை.

அடுத்து வந்த பிங்கு வா முத்தாரிக்கா இந்தப் பாடத்தை நன்றாகப் படித்தவர். 2005-06-ல் உர மானியத்தைத் தொடங்கினார். மலாவி அரசியலைப் புரிந்துகொள்ள இந்தத் திட்டத்தின் கணக்கு தெரிந்திருக்க வேண்டும்.

ஒரு குடும்பத்துக்குக் கூப்பனில் கிடைப்பவை 50 கிலோ அடியுரம் ஒரு மூட்டை, 50 கிலோ யூரியா ஒரு மூட்டை, கொஞ்சம் மக்காச்சோள விதை. யூரியாவில் தழைச்சத்து (நைட்ரஜன்) 46%, அதாவது 23 கிலோ. அங்கே வழங்கும் அடியுரத்தில் 23%, அது பதினொன்றரை கிலோ. ஆக மொத்தம் சுமார் 34 கிலோ, ஏறத்தாழ ஒரு ஏக்கருக்கு. ஒரு கிலோ தழைச்சத்துக்கு 12 கிலோ கூடுதல் விளைச்சல் என்று வைத்தால் 400 கிலோ மக்காச்சோளம். அங்கே அன்றாட உணவு ன்சிமா, நம் களி மாதிரிதான். ஆளுக்கு ஆண்டுக்கு 130 கிலோ என்று கொண்டால் மூன்று பேரின் வயிறு நிறையும். டிசம்பர் முதல் மார்ச் வரை கிடங்கு காய்ந்து கிடக்கும் வீட்டுக்கு இது சாதாரண விஷயமல்ல. அடுத்தடுத்த இரண்டு அறுவடைகள் நன்றாக வந்தன, 2009-ல் பிங்கு 66% ஓட்டுடன் வென்றார். மலாவி வாக்காளர் ஏமாளி இல்லை, தன் ஓட்டின் விலை தெரிந்தவர்.

பிரச்சினை இந்தக் கணக்குக்கு உள்ளேயே இருக்கிறது. அடியுரம் விதைப்போடு போக வேண்டும், யூரியா அதற்கு மூன்று நான்கு வாரம் கழித்து. மழை நவம்பர் நடுவில் தொடங்குகிறது. டெண்டர் தாமதமாகி மூட்டை ஜனவரியில் வந்தால், பணம் செலவானதுதான் மிச்சம். பயனாளிப் பட்டியல் கிராமத் தலைவர் வழியாகப் போவதால், சண்டை வேண்டாமென்று ஒரு மூட்டையை இரண்டு வீட்டுக்குப் பிரித்துவிடுகிறார்கள். தேவையுள்ள நிலத்துக்கு அரை அளவுதான் போகிறது. ஆண்டாண்டாக மக்காச்சோளமே விதைத்து மட்கு குறைந்து அமிலம் ஏறிப்போன மண்ணில் 12 கிலோ என்பது ஏழாகவும் இறங்கும். உரமோ இறக்குமதி. உலக விலை ஏறிய 2008-09-ல் இந்த ஒரு திட்டம் மட்டும் நாட்டின் வரவுசெலவில் ஆறில் ஒரு பங்கை விழுங்கியது. அதே பணத்தில் சாலையோ நீர்ப்பாசனமோ அமைத்திருக்கலாம்தான். ஆனால் வாய்க்காலின் பலன் தெரிய எட்டு ஆண்டு ஆகும், மூட்டையின் பலன் ஏப்ரலிலேயே தெரிந்துவிடும்.

ஓட்டை எப்படி எண்ணுகிறார்கள் என்பதும் இதில் பங்கு வகிக்கிறது. இதைப் பலர் கவனிப்பதில்லை. முன்பு யாருக்கு அதிக ஓட்டோ அவரே அதிபர். 2004-ல் பிங்கு 36 சதவீதத்துக்கும் குறைவாகவும், 2014-ல் அவர் தம்பி பீட்டர் முத்தாரிக்கா 36 சதவீதத்தை ஒட்டியும் பெற்று அதிபரானார்கள். வடக்கு, நடு, தெற்கு என மூன்று வட்டாரங்களில் ஒன்றைக் கையில் வைத்திருந்தால் போதும் என்ற நிலை. 2019 தேர்தலில் முடிவுத் தாள்களைத் திருத்தும் வெள்ளை மையால் அழித்து எழுதியது அம்பலமானது. மாதக்கணக்கில் மக்கள் தெருவில் நின்றார்கள். 2020 பிப்ரவரி 3 அன்று ஐந்து நீதிபதிகள் தேர்தலை ரத்து செய்ததோடு, இனி பாதிக்கு மேல் ஓட்டு வேண்டும் என்றும் தீர்ப்பளித்தார்கள். ஜூன் மறுதேர்தலில் ஒன்பது கட்சிக் கூட்டணியின் லாசரஸ் சக்வேரா வென்றார்.

மனம் நெகிழ வைக்கும் தீர்ப்பு அது. ஆனால் பொருளாதாரத்தில் அதன் பக்கவிளைவையும் சொல்ல வேண்டும்: ஒரு வட்டாரத்துக்குக் கொடுத்த வாக்குறுதி நாடு முழுவதற்கும் விரிந்தது. மானிய உரம் சுமார் 40 லட்சம் குடும்பங்களுக்கு என்று திட்டம் பெருத்தது. உலக உர விலை ஏறியதும் தாங்க முடியாமல் சில ஆண்டுகளில் பாதிக்கும் கீழே வெட்டினார்கள்.

உண்மையான கழுத்துப்பிடி டாலர்தான். புகையிலை ஏலம் ஏறத்தாழ ஏப்ரலில் தொடங்கி ஆகஸ்ட் வாக்கில் முடியும், டாலர் வருவது பெரும்பாலும் அப்போதுதான். பெட்ரோல், மருந்து, உரம் எல்லாவற்றுக்கும் ஆண்டு முழுவதும் டாலர் வேண்டும். நாட்டின் நாணயமான குவாச்சாவின் மதிப்பைக் குறைத்தால் அடுத்த வாரமே விலைகள் ஏறும். அதனால் எந்த அதிபரும் தள்ளிப்போடுகிறார். தள்ளிப்போடும் காலத்தில் வங்கி விலையும் கள்ளச்சந்தை விலையும் விலகுகின்றன. ஏற்றுமதியாளர் சரக்கின் மதிப்பைக் குறைத்துக் காட்டி மீதியை வெளியிலேயே வைத்துக்கொள்கிறார். வங்கியில் டாலர் இன்னும் வற்றுகிறது, பெட்ரோல் பங்குகளில் வரிசை நீள்கிறது. 2011-ல் நடந்தது இதுதான். அந்த ஜூலைப் போராட்டத்தில் சுமார் 20 பேர் உயிரிழந்தார்கள். 2023 நவம்பரில் டாலருக்கு 1,180-லிருந்து 1,700 குவாச்சாவாக ஒரே நாளில் மாற்றிப் பன்னாட்டு நிதியத்தின் கடனைப் பெற்றார்கள். நிபந்தனைகளைக் கடைப்பிடிக்க முடியாமல் 2025 மே மாதம் அந்தத் திட்டம் காலாவதியானது. கள்ளச்சந்தை விலை இரண்டு மடங்கைத் தாண்டியது. செப்டம்பரில் மக்கள் சக்வேராவைத் தோற்கடித்து பீட்டர் முத்தாரிக்காவைத் திரும்பக் கொண்டுவந்தார்கள். அவருக்கும் கையிலிருப்பது அதே புகையிலை, அதே வற்றிய கையிருப்பு.

புகையிலையைத் தவிர வேறெதையாவது விற்க ஆலை வேண்டும், ஆலைக்கு மின்சாரம் வேண்டும். மலாவியின் மின்சாரம் பெரும்பாலும் ஷிரே என்ற ஒரே ஆற்றிலிருந்து வருகிறது. 2022 ஜனவரியில் ஆனா புயல் கப்பிசிரா அணையை உடைத்தபோது சுமார் 130 மெகாவாட், நாட்டின் உற்பத்தித் திறனில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு, ஓராண்டுக்கு மேல் நின்றுபோனது. அதே ஆற்றில் சுமார் 350 மெகாவாட் தரக்கூடிய ம்பத்தமங்கா நீர்மின் திட்டம் நெடுங்காலமாகக் காகிதத்தில் இருக்கிறது. உலக வங்கி 2025-ல் அதற்கு நிதி ஒதுக்கியது. ஒப்புதல் வாங்கியது சக்வேரா அரசு, கட்ட வேண்டியது முத்தாரிக்கா அரசு, திறந்துவைக்கப்போவது பெரும்பாலும் அடுத்து வரும் யாரோ ஒருவர்.