நான் சீனியர், ஜூனியரை முதல்வராக்க நிர்வாகத்துக்கு உரிமை உண்டா?

கேள்வி: அரசு உதவி பெறும் சிறுபான்மைக் கல்லூரியில் இணைப் பேராசிரியராக இருக்கிறேன். பணிமூப்பில் நான்தான் முதலிடம். முதல்வர் ஓய்வு பெறும் நிலையில், எனக்குப் பின்னால் சேர்ந்த ஒருவரை அந்தப் பதவிக்கு நிர்வாகம் தேர்ந்தெடுத்திருக்கிறது. சம்பளம் கொடுப்பது அரசு. வழக்குப் போட்டால் நிற்குமா?

பதில்: பணிமூப்பு ஒன்றை மட்டும் வைத்துப் போட்டால் நிற்காது. உங்கள் வருத்தம் நியாயமானது, ஆனால் சட்டம் வேறு மாதிரி பார்க்கிறது.

கேரளத்தின் மலங்கரா சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2006-இல் இதைத் தெளிவாக்கிவிட்டது. பணிமூப்பைப் பார்த்து முதல்வரை நியமிக்கச் சொன்ன பல்கலைக்கழகச் சட்டப் பிரிவு சிறுபான்மைக் கல்லூரியைக் கட்டுப்படுத்தாது என்றது. முதல்வரைத் தேர்ந்தெடுப்பது அரசியல் சாசனத்தின் 30(1) பிரிவு தரும் நிர்வாக உரிமையின் முக்கியப் பகுதி; அரசு உதவி பெறுவதால் அது போய்விடாது. கல்லூரிக்குச் சிறுபான்மை அந்தஸ்து முறையாக இருக்கிறதா என்பதை மட்டும் முதலில் உறுதி செய்துகொள்ளுங்கள். மற்ற உதவி பெறும் கல்லூரிகளிலும்கூட, பதவி உயர்வு என்று வரும்போது தமிழ்நாட்டின் 1976-ஆம் ஆண்டு விதிகள் தகுதிக்கும் திறமைக்கும் அப்புறம்தான் பணிமூப்பை வைக்கின்றன.

சரி, அப்படியானால் யாரை வேண்டுமானாலும் உட்கார வைக்கலாமா? முடியாது. நிர்வாகத்தின் சுதந்திரம் தகுதியுள்ளவர்களுக்குள் ஒருவரைத் தேர்ந்தெடுப்பதோடு சரி. பல்கலைக்கழக மானியக் குழுவின் (யுஜிசி) 2018 விதிமுறைப்படி முனைவர் பட்டம், இணைப் பேராசிரியர் அல்லது பேராசிரியர் நிலை, மொத்தம் 15 ஆண்டுப் பணி, 10 ஆய்வுக் கட்டுரைகள், ஆய்வு மதிப்பெண் (கட்டுரை போன்ற ஆய்வுப் பணிகளுக்குக் கணக்கிடும் புள்ளி) 110 ஆகியவை வேண்டும்.

பல நியமனங்கள் சிக்குவது அந்த 110-இல்தான். அறிவியல் கட்டுரைக்கு அடிப்படை மதிப்பெண் 8. மூன்று பேர் சேர்ந்து எழுதியிருந்தால், முதன்மை ஆசிரியராக இல்லாதவருக்கு அதில் 30 சதவீதம், அதாவது 2.4 மட்டுமே. முழு 8-ஐயும் போட்டுக் கூட்டியிருக்கிறார்களா என்று ஒவ்வொரு கட்டுரையாகப் பாருங்கள். அந்த மதிப்பெண் தாளைத் தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்கலாம். அரசு நிதியைப் பெரிதும் நம்பி நடக்கும் கல்லூரிகளும் அந்தச் சட்டத்துக்குள் வரும் என்று 2019-இல் டிஏவி கல்லூரி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

குறை இருந்தால் பல்கலைக்கழகம் தகுதி ஒப்புதல் தருவதற்கு முன்பே பதிவாளருக்கும், கல்லூரிக் கல்வி மண்டல இணை இயக்குநருக்கும் ஆதாரத்தோடு எழுதுங்கள். மனுவில் 'நான் சீனியர்' என்பதை முதல் வரியாக வைக்காதீர்கள்; தகுதிக் குறையிலிருந்து தொடங்குங்கள். அவர்கள் கண்டுகொள்ளாவிட்டால் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். சிறுபான்மை நிர்வாகத்தின் தேர்வும் நியாயமாகவும் பாரபட்சமில்லாமலும் இருக்க வேண்டும், அதை உயர் நீதிமன்றம் பரிசீலிக்கலாம் என்று 2017-இல் கோவா வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் கூறியது உங்களுக்குக் கை கொடுக்கும்.

அவருக்கு எல்லாத் தகுதியும் இருந்து, தேர்வும் முறையாக நடந்திருந்தால், வழக்குக்குச் செலவு செய்ய வேண்டாம் என்பதே என் ஆலோசனை. முதல்வரின் பதவிக்காலம் ஐந்து ஆண்டு. மறுபடி ஐந்து ஆண்டு நீட்டிக்க மதிப்பீடு வேண்டும். உங்கள் ஓய்வு தேதி அதற்குப் பிறகு என்றால், உங்கள் கட்டுரைகளையும் மதிப்பெண்ணையும் இப்போதே கணக்குப் பார்த்து வையுங்கள்.