காதுக்குள் மூன்று எலும்பு: வாசகர் கேள்வி-பதில்

சேர், தாடையெலும்பு காதுக்குள் போனது என்று ரியூஷன் வகுப்பில் சொன்னார்கள். அப்படியென்றால் அந்த விலங்கு எப்படிச் சாப்பிட்டது? (உயர்தர மாணவி, ஹட்டன்)

நல்ல சந்தேகம், மகள். வகுப்பில் பாதியைத்தான் சொல்லியிருக்கிறார்கள். ஊர்வனவின் கீழ்த்தாடை பல எலும்புகள் சேர்ந்தது. அதன் பின்நுனி எலும்பும், மண்டையோட்டில் அது வந்து பொருந்தும் எலும்பும்தான் அவற்றின் தாடை மூட்டு. சுவரில் இருக்கும் பல்லி வாயைத் திறப்பது அந்த மூட்டில்தான். பாலூட்டிகளாகிய நம் பழைய மூதாதையரில் பல்லைத் தாங்கும் எலும்பு பெருத்துப்போய், மண்டையோட்டோடு தானே ஒரு புது மூட்டைப் போட்டுக்கொண்டது. சுமார் 20 கோடி ஆண்டுக்கு முந்திய மோர்கனுகொடன் என்ற சின்ன ஆதிப் பாலூட்டியில் பழையது, புதியது இரண்டும் பக்கத்துப் பக்கத்தில் இருந்தன. ஆகவே அது ஒரு நாளும் பட்டினி கிடக்கவில்லை. மெல்லும் வேலையைப் புது மூட்டு எடுத்துக்கொண்டதும் பழைய எலும்புகள் சிறுத்து, ஒலி கடத்துவதோடு நின்றுகொண்டன. காதின் மூன்று எலும்புகளில், செவிப்பறையில் ஒட்டியிருக்கும் சம்மட்டியுரு ஆனது அந்தப் பின்நுனி எலும்பு, அதற்கடுத்த பட்டடையுரு ஆனது மற்றது. மூன்றாவதான ஏந்தியுரு முன்பே காதில் இருந்த ஆள். 1837 இலேயே ரைக்கேர்ட் என்ற ஜெர்மானியர் பன்றி முளையங்களை வெட்டிப் பார்த்து இதைச் சொல்லிவிட்டார். புதைபடிவங்கள் பிறகுதான் வந்து சாட்சி சொன்னன.

பிள்ளை வளர வளரக் காதெலும்பும் வளருமா? (பதுளை)

வளராது. பிறக்கும்போதே பெரியவர்களின் அளவுதான்.

கண்டியிலிருந்து நுவரெலியா பஸ்ஸில் வரும்போது காது அடைக்கிறது. எலும்பு விலகுகிறதா? (பெயர் வேண்டாம்)

விலகவில்லை. 500 மீற்றரில் ஏறி 1,900 மீற்றரில் இறங்குகிறீர்கள், வெளிக்காற்றின் அழுத்தம் குறைகிறது, செவிப்பறை வெளிப்பக்கம் தள்ளுப்படுகிறது. எச்சில் விழுங்கினால் காதையும் தொண்டையையும் இணைக்கும் ஊத்தேக்கியாவின் கான் திறந்து சரியாகிவிடும். கொண்டை ஊசி, கொட்டன் பட்ஸ் எதையும் காதுக்குள் விடாதீர்கள். போன தடவையும் சொன்னேன்.

ஆட்டுத் தலையை அவித்து மண்டையோடு எடுத்தேன். காதெலும்பு ஒன்றையும் காணவில்லை. ஆட்டுக்கு இல்லையா? படம் அனுப்பியிருக்கிறேன். (தலவாக்கலை)

ஆட்டுக்கு இருக்கிறது. இப்போது உங்கள் பைப்படியில் கிடக்கிறது. மண்டையோடு பளிச்சென்று மின்னுவதைப் பார்த்ததுமே விளங்கிவிட்டது: சவர்க்காரத்தூள் போட்டு, பைப்பைத் திறந்துவிட்டு, குலுக்கிக் குலுக்கிக் கழுவியிருக்கிறீர்கள். சம்மட்டியுருவைப் பிடித்துவைத்திருப்பது செவிப்பறையும் சில இழையங்களும். அவை வெந்து கரைந்தால் காதுத் துளை வழியாக எல்லாம் வெளியே வந்துவிடும். ஏந்தியுரு அரிசிக் குருணையளவு. தண்ணீரோடு போனால் தேடிப் பிடிக்க முடியாது.

இதில் எனக்குப் பழைய எரிச்சல் ஒன்று உண்டு. பல வருடங்களுக்கு முன் ஒரு பாடசாலைக்கு நாய் மண்டையோடு ஒன்று கொடுத்தேன், ஆறு எலும்பும் இருந்த இடத்திலேயே. கண்காட்சிக்கு முதல் நாள், தூசு பிடித்திருக்கிறதென்று யாரோ அதை வாளித் தண்ணீரில் ஊறப்போட்டுக் கழுவி, வெயிலில் காயவைத்திருந்தார்கள். ஆறும் போச்சு. "மண்டையோடு பத்திரமாகத்தானே இருக்கிறது சேர்" என்றார்கள்!

சரி, அடுத்த தலைக்கு இப்படிச் செய்யுங்கள். மெல்லிய தீயில் அவியுங்கள், பிரஷர் குக்கர் வேண்டாம். சதையை எடுத்தபின் தேத்தண்ணி வடியை அடியில் பிடித்து, காதுத் துளை கீழே பார்க்க வைத்து, விரலால் மெதுவாகத் தட்டுங்கள். முதலில் சம்மட்டியுருவும் பட்டடையுருவும் விழும். ஏந்தியுரு சில வேளை உட்காதின் வாசலான நீள்வட்டப் பலகணியிலேயே ஒட்டிக்கொண்டிருக்கும். நுண்ணிய ஊசியால் நெம்பினால் வரும். கறுப்புத் துணியில் போட்டுப் பாருங்கள். அப்புறம் ஒரு மாத்திரைப் போத்தலில் மூடிவையுங்கள். படம் எடுக்கும்போது பக்கத்தில் அடிமட்டம் வையுங்கள்!

ஏந்தியுருவின் நடுவில் ஓட்டை எதற்கு? (கொட்டகலை)

முளையத்தில் அதன் வழியே ஒரு நாடி (இரத்தக் குழாய்) போகிறது. நமக்கு அது பிறக்கும் முன்பே மறைந்துவிடும், ஓட்டை மட்டும் மிஞ்சும். மடகாஸ்கரின் லெமூர்கள் பலவற்றில் அந்த நாடி ஆயுள் முழுக்க ஓடுகிறது. பிளாட்டிபஸின் ஏந்தியுருவில் ஓட்டையே கிடையாது, வெறும் தூண்.

தேவாங்குக்கும் குரங்குக்கும் காதில் என்ன வித்தியாசம்? இரண்டும் எங்கள் பக்கம் இருக்கின்றன. (ஹோர்ட்டன் சமவெளிக்கு அருகில்)

செவிப்பறையைத் தாங்கும் எலும்பைப் பாருங்கள். தேவாங்கில் அது வெறும் வளையம், காதறையின் விளிம்போடு ஒட்டியிருக்கும். அதனால் துளை அகலமாகத் தெரியும். குரங்கிலும் மந்தியிலும் அந்த வளையம் நீண்டு எலும்புக் குழாயாகிவிட்டது, நமக்கும் அப்படித்தான். இதில் ஒரு வேடிக்கை: பிறந்த குழந்தைக்குக் குழாய் இல்லை, வளையம் மட்டுமே. பதுளைக்காரர் கவனிக்க: மூன்று எலும்பும் வளர்ந்து முடிந்திருக்கும்போது, சுற்றியிருக்கும் குழாய் பிறந்த பிறகுதான் வளர்கிறது.

செத்த தேவாங்கைக் கண்டால் தூக்கி வராதீர்கள். அது பாதுகாக்கப்பட்ட விலங்கு. வனசீவராசிகள் திணைக்களத்துக்குச் சொல்லுங்கள்.

ஆதிமனிதனுக்கு நம்மைப் போலக் காது கேட்டதா? (மஸ்கெலியா)

"ஆதிமனிதன்" என்றால் யார் என்று எழுதவில்லை. தென்னாபிரிக்காவில் கிடைத்த, ஏறத்தாழ 20 இலட்சம் ஆண்டு பழைய பராந்திரோபஸின் (அழிந்துபோன மனித உறவினம்) காதெலும்புகளை 2013 இல் விவரித்தார்கள். சம்மட்டியுரு நம்முடையதைப் போல, மற்ற இரண்டும் வாலில்லாக் குரங்கினுடையதைப் போல. மூன்றும் ஒரே நேரத்தில் மாறவில்லை.

இது என்ன விலங்கின் மண்டையோடு? (பண்டாரவளை, படத்துடன்)

அடிமட்டம் இல்லை. மறுபடி எடுத்து அனுப்புங்கள். அதுவரை கழுவ வேண்டாம்.