பெட்டி ஓய்ந்தது, வட்டு ஓயவில்லை: கணினிக் கேள்வி பதில்

கேள்வி: எங்கள் வீட்டில் 2007-இல் வாங்கிய பிளேஸ்டேஷன் 2 விளையாட்டுப் பெட்டி இருக்கிறது. ஓராண்டாக எந்த வட்டைப் போட்டாலும் அது படிப்பதில்லை; மின்சாரம் கொடுத்தால் தொடக்கத் திரை மட்டும் வருகிறது. அசல் வட்டுகள் இருபதுக்கு மேல் கையில் உள்ளன. அவற்றைக் கணினியில் விளையாடலாம் என்று கேள்விப்பட்டு, பிசிஎஸ்எக்ஸ்2 என்ற எமுலேட்டரை நிறுவினேன். பயாஸ் கோப்பு வேண்டும் என்று கேட்டு அது நின்றுவிட்டது. இணையத்தில் தேடினால் பயாஸ் என்ற பெயரில் ஏராளமான கோப்புகள் வருகின்றன. எதை நம்புவது?
– வாசகர், திருச்சி

பதில்: எதையும் நம்ப வேண்டாம், உங்களுக்குத் தேவையான கோப்பு உங்கள் வீட்டுப் பெட்டிக்குள்ளேயே இருக்கிறது.

பிளேஸ்டேஷன் 2-இன் மையச் செயலி, வரைகலைச் சில்லு, ஒலிச் சில்லு ஆகியவை எப்படி நடந்துகொள்ளுமோ அப்படியே கணினிக்குள் நடந்து காட்டும் நிரல்தான் எமுலேட்டர். அந்தச் சில்லுகளின் போக்கை ஆண்டுக்கணக்கில் ஆராய்ந்து, எமுலேட்டரை உருவாக்கியவர்கள் தாங்களே எழுதிச் சேர்த்துவிட்டார்கள். ஆனால் பெட்டிக்குள் இருக்கும் ரோம் சில்லில் சோனி நிறுவனம் எழுதிய 4 எம்பி அளவுள்ள தொடக்க நிரல் ஒன்று உண்டு. அதற்குத்தான் பயாஸ் என்று பெயர். நீங்கள் காணும் தொடக்கத் திரை அதிலிருந்துதான் வருகிறது. வட்டோடும் மெமரி கார்டோடும் விளையாட்டுகள் பேசுவதும் அதன் துணையோடுதான். அது சோனியின் பதிப்புரிமைக்கு உட்பட்டது என்பதால் எமுலேட்டரோடு சேர்த்துத் தர முடியாது. கையடக்கமான பிஎஸ்பி பெட்டிக்கான பிபிஎஸ்எஸ்பிபி என்ற எமுலேட்டருக்கு இந்தத் தொல்லை இல்லை. அந்தப் பெட்டியின் இயங்குதளம் செய்யும் வேலைகளை அதை உருவாக்கியவர்கள் புதிதாகவே எழுதிவிட்டார்கள். பிளேஸ்டேஷன் 2 விளையாட்டுகளோ வன்பொருளை நேரடியாகத் தொட்டு வேலை வாங்குபவை; அங்கே அந்த வழி எளிதில் கைகூடவில்லை.

பயாஸை எடுப்பதற்கு இரண்டு வழிகள் பழக்கத்தில் உள்ளன. பெட்டியின் டிவிடி படம் காட்டும் நிரலில் உள்ள ஓட்டையைப் பயன்படுத்தி, சாதாரண எழுதும் வட்டு ஒன்றின் மூலமாகவே பிற நிரல்களை இயக்கும் முறை 2020-இல் வெளியானது. உங்கள் பெட்டியில் வட்டைப் படிக்கும் லென்ஸே ஓய்ந்துவிட்டதால் அது உங்களுக்கு உதவாது. இன்னொன்று, பிற நிரல்களை இயக்க வழிவிடும் ஃப்ரீ எம்சிபூட் என்ற நிரலைப் பதித்த மெமரி கார்டு. அத்தகைய கார்டுகள் இணையக் கடைகளில் விற்கின்றன. கார்டைச் செருகிப் பெட்டியை இயக்கியதும் புதிய பட்டியல் ஒன்று தோன்றும். அதிலிருந்து பயாஸ்டிரெய்ன் என்னும் சிறு நிரலைப் பென்டிரைவிலிருந்து ஓடவிட்டால், பயாஸ் முழுவதும் அதே பென்டிரைவில் எழுதப்பட்டுவிடும். பென்டிரைவை ஃபேட்32 முறையில் ஃபார்மட் செய்திருக்க வேண்டும். வேறு முறையில் இருந்தால் பெட்டி அதைக் கண்டுகொள்ளாது. 2008-க்குப் பிறகு வந்த கடைசி வகைப் பெட்டிகள் சிலவற்றில் இந்தக் கார்டு வேலை செய்யாது. உங்கள் பெட்டி அதற்கு முந்தியது என்பதால் கவலை இல்லை. எடுத்த கோப்புகளை எமுலேட்டரின் பயாஸ் கோப்புறையில் வைத்துவிட்டால் முதல் கதவு திறந்துவிடும்.

பயாஸ், எமுலேட்டர், ஐம்பது விளையாட்டுகள் எல்லாம் ஒரே தொகுப்பில் என்று ஆசை காட்டும் தளங்களின் பக்கம் போகாதீர்கள். கடவுச்சொல் போட்டுப் பூட்டிய சுருக்கக் கோப்பைத் திறக்கும்போது வைரஸ் தடுப்பை நிறுத்தி வைக்கச் சொல்லும் இடம் எதுவும் நல்ல இடமாக இருக்க முடியாது. பிசிஎஸ்எக்ஸ்2 இலவசமானது, மூல நிரலும் திறந்திருப்பது. அதன் சொந்தத் தளத்திலிருந்து மட்டும் இறக்குங்கள்.

வட்டுகளின் கதை எளிது. பிளேஸ்டேஷன் 2 வட்டுகளைக் கணினியின் டிவிடி டிரைவ் பெரும்பாலும் தயங்காமல் படிக்கும். மடிக்கணினியில் டிரைவ் இல்லையென்றால் யுஎஸ்பியில் இணைக்கும் டிரைவ் போதும். இம்ஜ்பர்ன் போன்ற இலவச நிரலால் வட்டை ஐஎஸ்ஓ கோப்பாக நகலெடுத்து, அந்தக் கோப்பிலிருந்து விளையாடுங்கள். வட்டிலிருந்தே நேரடியாக ஓட்டினால் டிரைவின் தாமதம் விளையாட்டில் தெரியும். அடிப்புறம் நீல நிறமாக இருக்கும் வட்டுகள் டிவிடி அல்ல, சிடி. அவற்றை பின் (BIN), கியூ (CUE) என்னும் இரட்டைக் கோப்புகளாக எடுக்க வேண்டும். இடம் போதவில்லை என்றால் சிஎச்டி வடிவத்துக்குச் சுருக்கிக்கொள்ளலாம். எமுலேட்டர் அதையும் நேராகவே படிக்கும்.

சட்டம் பற்றி நீங்கள் கேட்கவில்லை. கேட்பவர்கள் பலர் இருப்பதால் சொல்லி வைக்கிறேன். எமுலேட்டர் எழுதுவதோ வைத்திருப்பதோ தானாகவே குற்றமாகிவிடாது. முதல் பிளேஸ்டேஷனின் விளையாட்டுகளை மேக் கணினியில் ஓட்டிய மென்பொருளுக்காக கனெக்டிக்ஸ் நிறுவனத்தின்மீது சோனி தொடுத்த வழக்கில், அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் 2000-இல் கனெக்டிக்ஸுக்குச் சாதகமாகவே தீர்ப்பளித்தது. (மறு ஆண்டே அந்த மென்பொருளைச் சோனி விலைக்கு வாங்கி மூடிவிட்டது என்பது வேறு கதை.) இந்தியாவின் 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு, முறையாகத் தன்னிடம் உள்ள கணினி நிரலின் பிரதிக்கு, அது தொலைந்தாலோ சிதைந்தாலோ உதவும்பொருட்டுக் காப்பு நகல் எடுத்துக்கொள்ள இடம் தருகிறது. பிறர் இணையத்தில் ஏற்றி வைத்ததை இறக்கிக்கொள்ள அது இடம் தருவதாகக் கொள்ள முடியாது.

கேள்வி: பிளேஸ்டேஷன் 2-இன் செயலி 300 மெகாஹெர்ட்ஸைக்கூடத் தொடாது என்று படித்தேன். என் மடிக்கணினியோ அதைப் போலப் பத்து மடங்கு வேகமுடையது. தனியான கிராபிக்ஸ் கார்டு மட்டும் இல்லை. இருந்தும் விளையாட்டு இழுத்து இழுத்து ஓடுகிறது, ஒலியும் விக்குகிறது. யூடியூபில் சொன்ன அமைப்புகளை எல்லாம் செய்து பார்த்துவிட்டேன்.
– வாசகர், கோயம்புத்தூர்

பதில்: கடைசி வாக்கியத்தில்தான் உங்கள் தொல்லையில் பாதி இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது, மீதிப் பாதிக்கு வருகிறேன்.

அந்தச் செயலியின் வேகம் ஏறத்தாழ 295 மெகாஹெர்ட்ஸ் என்பது உண்மையே. ஆனால் அது தனியாள் அன்று. அதோடு உருவங்களுக்கான கணக்குகளைப் போடும் இரண்டு வெக்டர் அலகுகள், 4 எம்பி நினைவகத்தைத் தன்னுள்ளேயே கொண்ட வரைகலைச் சில்லு, ஒலிச் சில்லு, ஜாய்ஸ்டிக்கையும் வட்டையும் கவனிக்கும் இன்னொரு செயலி என்று பலரும் ஒரே நேரத்தில், ஒருவர் தாளத்துக்கு மற்றவர் ஒத்து உழைத்தார்கள். (அந்த இன்னொரு செயலி வேறொன்றுமில்லை, முதல் பிளேஸ்டேஷனின் மூளைதான், பழைய விளையாட்டுகளும் புதிய பெட்டியில் ஓடியது அதனால்தான்.) இத்தனை பேரின் உரையாடலையும் உங்கள் கணினி ஒரு வரி விடாமல் தன் மொழிக்குப் பெயர்த்து, தாளமும் தப்பாமல் நடத்த வேண்டும். இதில் பெருஞ்சுமை உங்கள் செயலியின் ஓரிரு மையங்களின் (கோர்) தலையில் மட்டுமே விழுகிறது. ஆகவே எட்டு மையங்கள் இருப்பதைவிட, ஒரு மையம் தனியாக எவ்வளவு வேகமாக ஓடுகிறது என்பதே இங்கே எடுபடும்.

கணக்குப் போடும் முறையிலும் ஒரு வில்லங்கம் உண்டு. இன்றைய கணினிகள் தசம எண்களைக் கையாளும் பொது விதியைப் பிளேஸ்டேஷன் 2 முழுவதும் பின்பற்றவில்லை. முடிவிலி, எண்ணல்லாதது என்னும் மதிப்புகளை அது அறியாது. வரம்பு மீறிய விடை வந்தால் தன்னால் இயன்ற மிகப் பெரிய எண்ணோடு நிறுத்திக்கொள்ளும். மிச்சப் பின்னங்களை வெட்டி எறிந்துவிடும். இந்தப் பழக்கத்தை நம்பி எழுதப்பட்ட விளையாட்டைக் கணினியின் விதிப்படி ஓட்டினால், பாத்திரங்கள் நிலத்துக்குள் புதைவதும் உருவங்கள் கூர்கூராக நீள்வதும் நேரும். கிளாம்பிங், ரவுண்டிங் என்று அமைப்புகளில் நீங்கள் பார்த்தவை இதைச் சரிக்கட்டுவதற்காக வந்தவை. எந்த விளையாட்டுக்கு எது பொருந்தும் என்ற பட்டியலை எமுலேட்டரே வைத்திருக்கிறது. வட்டின் தொடர் எண்ணைப் பார்த்து அதுவே போட்டுக்கொள்ளும். யாரோ ஒருவர், வேறு விளையாட்டுக்காக, வேறு பதிப்பில் மாற்றிக் காட்டியதை நீங்கள் பின்பற்றும்போது அந்த ஏற்பாடு குலைகிறது. எனவே அமைப்புகள் எல்லாவற்றையும் முதல்நிலைக்குத் திருப்புங்கள்.

அடுத்து, திரை ஓரத்தில் புள்ளிவிவரம் காட்டும் வசதியை இயக்குங்கள். இஇ (பெட்டியின் மையச் செயலி வேலை), ஜிஎஸ் (அதன் வரைகலைச் சில்லு வேலை), வியு (வெக்டர் அலகு வேலை), ஜிபியு (உங்கள் கணினியின் கிராபிக்ஸ்) முதலியவற்றின் உழைப்பு சதவீதத்தில் தெரியும். விளையாட்டு இழுக்கும் நேரத்தில் இஇ நூறை நெருங்கினால் குறை செயலியினுடையது. படத்தின் தரத்தைக் குறைத்துப் பயன் இராது. செயலியின் பக்கம் கை நிறைய வைத்தியம் கிடையாது என்றாலும், மடிக்கணினியைச் சார்ஜரில் இணைத்து, விண்டோஸின் மின்சார அமைப்பை முழுச் செயல்திறனுக்கு மாற்றிப் பாருங்கள். பேட்டரியில் ஓடும் மடிக்கணினி தன் வேகத்தைத் தானே பாதியாக்கிக்கொண்டு நிற்பதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். கிராபிக்ஸ் பக்கம்தான் நூறைத் தொடுகிறது என்றால், படத்தின் உள்ளளவைக் குறையுங்கள். மூன்று மடங்கு என்று வைத்தால் 1080பி திரைக்கு ஏறக்குறைய ஒப்பான படம் வரும். தனி கார்டு இல்லாத மடிக்கணினிக்கு அது பெரும்பாலும் பேராசை. ஒரு மடங்கில் தொடங்கி, நிலையாக ஓடுவதைக் கண்ட பிறகு இரண்டுக்குப் போங்கள். ஒரு நேரத்தில் ஓர் அமைப்பை மட்டும் மாற்றுங்கள். இரண்டை மாற்றிவிட்டால் எது உதவியது என்று தெரியாமலே போய்விடும்.

கேள்வி: நண்பரின் கணினியில் நொடிக்கு 60 ஃபிரேம் காட்டுகிறது. அதே விளையாட்டு, அதே எமுலேட்டர். என் கணினி அவருடையதைவிடப் புதியது. இருந்தும் 50-ஐத் தாண்டவே மாட்டேன் என்கிறது.
– வாசகி, நாகர்கோவில்

பதில்: உங்கள் கணினி முழு வேகத்தில்தான் ஓடுகிறது, பெட்டியே அவ்வளவுதான் ஓடியிருக்கும். உங்கள் வட்டு பால் (PAL) என்ற தொலைக்காட்சி முறையில் வந்தது, நண்பருடையது என்டிஎஸ்சி (NTSC) முறையில் வந்தது என்று ஊகிக்கிறேன். இந்தியாவிலும் ஐரோப்பாவிலும் தொலைக்காட்சி பால் முறையைப் பின்பற்றியதால் படம் நொடிக்கு 50 முறை புதுப்பிக்கப்பட்டது. அமெரிக்காவிலும் ஜப்பானிலும் அது 59.94. வட்டின் மீதுள்ள தொடர் எண் எஸ்எல்இஎஸ் அல்லது எஸ்சிஇஎஸ் என்று தொடங்கினால் பால், எஸ்எல்யுஎஸ் அல்லது எஸ்சியுஎஸ் என்று தொடங்கினால் அமெரிக்கப் பதிப்பு. எமுலேட்டரில் ஃபிரேம் எண்ணிக்கையைப் பாராமல், வேகம் 100 சதவீதமா என்பதை மட்டும் பாருங்கள். அக்காலத்தில் சில நிறுவனங்கள் பால் பதிப்புக்குத் தக்கவாறு விளையாட்டைத் திருத்தாமல் அப்படியே விட்டதால், அவை ஆறில் ஒரு பங்கு மெதுவாகவே நகர்ந்தன. அதைத்தான் நாம் இயல்பான வேகம் என்று எண்ணிப் பழகியிருக்கிறோம். பால் பதிப்புகள் பலவற்றில் தொடக்கத்திலோ அமைப்புகளிலோ 60 ஹெர்ட்ஸைத் தேர்ந்தெடுக்கும் வசதி உண்டு, தேடிப் பாருங்கள்.

கேள்வி: எமுலேட்டரைப் புதுப்பித்ததும் நான் சேமித்திருந்த இடம் திறக்கவில்லை. மூன்று வார விளையாட்டு போய்விட்டதா?
– வாசகர், சேலம்

பதில்: எஃப்1 விசையை அழுத்திச் சேமித்தீர்களா, விளையாட்டுக்குள் இருக்கும் சேமிப்பு வழியாகவா என்பதைப் பொறுத்தது. எஃப்1 விசை பெட்டியின் நினைவகம் முழுவதையும் அந்த நொடியில் உள்ளபடியே படமெடுத்து வைக்கிறது. எமுலேட்டரின் உள்ளமைப்பு மாறினால் புதிய பதிப்பு அந்தப் படத்தை ஏற்காமல் போகலாம். அப்படியானால் பழைய பதிப்பைத் தனிக் கோப்புறையில் இறக்கி, அதில் திறந்து, விளையாட்டுக்குள்ளிருந்து மெமரி கார்டில் சேமித்துக்கொண்டு, அந்தக் கார்டுக் கோப்பைப் புதிய பதிப்புக்குக் கொண்டுவாருங்கள். மெமரி கார்டு என்பது 8 எம்பி அட்டையை அப்படியே ஒத்த ஒரு கோப்புதான். பதிப்பு மாறினாலும் அதற்கு ஒன்றும் ஆகாது. வாரம் ஒருமுறை அதை வேறோர் இடத்தில் நகலெடுத்து வையுங்கள்.

கேள்வி: பழைய ஜாய்ஸ்டிக்கையே கணினியில் பயன்படுத்தலாமா? புதிதாக வாங்க வேண்டுமா?
– வாசகர், புதுச்சேரி

பதில்: பழையதை யுஎஸ்பியாக மாற்றித் தரும் இணைப்பி மலிவாகவே கிடைக்கிறது, அதைச் செருகி, எமுலேட்டரின் கண்ட்ரோலர் பகுதியில் தானியங்கிப் பொருத்தத்தைத் தேர்ந்தெடுத்தால் பெரும்பாலான விளையாட்டுகளுக்குப் போதும். ஒன்றை மட்டும் தெரிந்துகொள்ளுங்கள். டூயல்ஷாக் 2-இன் பொத்தான்களில் பெரும்பாலானவை எவ்வளவு அழுத்துகிறோம் என்பதையும் உணர்பவை. கார்ப் பந்தயங்களில் மெதுவாக அழுத்தினால் கார் மெதுவாக நகர்ந்தது அதனால்தான். மலிவான இணைப்பிகள் அந்த அளவைக் கணினிக்குச் சொல்வதில்லை. அழுத்தினாயா இல்லையா என்பதோடு நிறுத்திக்கொள்கின்றன. பிளேஸ்டேஷன் 4, 5 ஆகியவற்றின் கண்ட்ரோலர்களிலும் முகப்புப் பொத்தான்களுக்கு அந்த உணர்வு இல்லை. அத்தகைய விளையாட்டுகளுக்காக, அழுத்தத்தைக் குறைத்துக் காட்டும் தனிப் பொத்தான் ஒன்றைக் குறித்துக்கொள்ளும் வசதி எமுலேட்டரில் இருக்கிறது. இடது கையின் ஆள்காட்டி விரலுக்கு எட்டும் இடத்தில் அதை வைத்துக்கொண்டால் இரண்டு நாளில் பழகிவிடும்.