போர் ஓவர் காபிக்கும் டீக்கும் ஒரே கூஸ்நெக் கெட்டில் போதுமா?

கேள்வி இது: "வீட்டுக்கு வி60 (பேப்பரில் காபிப்பொடி போட்டு மேலே வெந்நீர் ஊற்றி வடிக்கும் கூம்பு, இப்படிப் போடுவதுதான் போர் ஓவர்) வாங்கியிருக்கிறேன். காபிக்கும் கிரீன் டீக்கும் சேர்த்து நீள மூக்கு வைத்த ஒரு கூஸ்நெக் கெட்டில் வாங்கலாம் என்று பார்த்தால் ஆயிரத்துச் சொச்சத்தில் தொடங்கி பதினைந்தாயிரத்தையும் தாண்டிப் போகிறது. அடுப்பில் வைப்பதா, கரண்டில் ஓடுவதா? எதைப் பார்த்து வாங்குவது?"

டீக்கு மட்டும் என்றால் வாங்காதீர்கள். டீக்குத் தண்ணீர் எவ்வளவு சூடு, எவ்வளவு நேரம் ஊறுகிறது, இந்த இரண்டும்தான் கணக்கு. எவ்வளவு சன்னமாக விழுகிறது என்பது கணக்கிலேயே வராது. சொம்பிலிருந்து ஊற்றினாலும் அதே டீதான். உங்களிடம் வி60 இருப்பதால்தான் இந்தக் கெட்டிலுக்கு உங்கள் சமையலறையில் வேலை இருக்கிறது.

நான் காட்பாடிக்காரன். ஆறு வருடத்தில் மூன்று கெட்டில் பார்த்துவிட்டேன். ஒன்று கருகியது, ஒன்றை அக்காவுக்குக் கொடுத்துவிட்டேன், ஒன்றில் இன்று காலையும் காபி போட்டேன். அந்த அனுபவத்தில் சொல்கிறேன்.

கூஸ்நெக் என்றால் வாத்துக் கழுத்து போல வளைந்த நீள மூக்கு, அவ்வளவுதான். (கழிஞ்சூர் ஏரிப் பக்கம் வளர்ந்த எனக்கு அது கொக்குக் கழுத்தாகத்தான் தெரிகிறது.) முதல் கெட்டில் தேடியபோது வேலூர் லாங் பஜாரில் ஒரு பாத்திரக்கடை அண்ணனிடம் போனில் படத்தைக் காட்டினேன். "இன்னா சார் இது, கெண்டி மாதிரி கீது. இதுக்கா இவ்ளோ துட்டு கேக்குறான்?" என்றார். எனக்குக் கொஞ்சம் ரோஷமாக இருந்தது. யோசித்துப் பார்த்தால் அவர் சொன்னது சரி. கெண்டியும் பாலாடையும் செய்கிற வேலையைத்தான் இதுவும் செய்கிறது: எங்கே விழ வேண்டும், எவ்வளவு விழ வேண்டும் என்பதைக் கைக்குள் வைத்திருப்பது. குழந்தைக்குப் பாலாடையில் மருந்து புகட்டிப் பழகிய கைக்குப் போர் ஓவர் இரண்டே நாளில் வந்துவிடும்.

சாதாரண கெட்டிலில் வாய் மேல் விளிம்பில் இருக்கும். சாய்க்கச் சாய்க்க வராது, திடீரென்று மொத்தமாகக் கொட்டும். கூஸ்நெக்கில் குழாய் அடிவயிற்றிலிருந்து கிளம்பி மேலே ஏறி வளைகிறது. குறுகலான குழாய் என்பதால் தண்ணீர் அவசரப்பட முடியாது. லேசாகச் சாய்த்தால் நூல் போல, இன்னும் கொஞ்சம் சாய்த்தால் பென்சில் கனத்துக்கு, அப்படிப் படிப்படியாகக் கூட்டலாம்.

இது வி60-க்கு ஏன் அவசியம் என்றால், அந்தக் கூம்பின் அடியில் ஒரே ஒரு பெரிய ஓட்டைதான். (60 என்பது கூம்பின் கோணம், அறுபது பாகை.) கீழே தடுக்க ஆள் இல்லை. தண்ணீர் எவ்வளவு வேகத்தில் இறங்க வேண்டும் என்பதைப் பொடியின் பதமும் உங்கள் கையும்தான் முடிவு செய்ய வேண்டும். சொம்பால் கொட்டினால் நடுவில் குழி விழுந்து தண்ணீர் அந்த வழியாகவே ஓடிவிடும். ஓரத்துப் பொடி நனைந்ததோடு சரி. பேப்பர் ஓரமாக ஊற்றினால் பொடியைத் தொடாமலே கீழே இறங்கும். ஒரே டம்ளரில் நீர்த்தும் இருக்கும், கசக்கவும் செய்யும்.

தட்டையான அடியும் மூன்று சின்னத் துளைகளும் உள்ள கலிட்டா வேவ் மாதிரி டிரிப்பர் என்றால் இந்தக் கட்டுப்பாட்டில் பாதியைத் துளைகளே பார்த்துக்கொள்ளும். நம் பித்தளை பில்டரும் அப்படித்தான். மேல் பாத்திரத்தின் பொடித் துளைகள் வேகத்தைப் பார்த்துக்கொள்ள, அம்மா முப்பது வருடமாகச் சொம்பில் கொதிதண்ணீரை ஊற்றி மூடிவிட்டு வாசல் தெளிக்கப் போகிறார். டிகாஷன் ஒரு நாளும் தப்பியதில்லை. அதனால் வி60-ஐ இன்னும் பிரிக்கவில்லை என்றால், அதைத் திருப்பிவிட்டு தட்டை அடி டிரிப்பர் வாங்கி, கெட்டில் செலவையே மிச்சம் பிடிக்கலாம். இதை யாரும் சொல்ல மாட்டார்கள், ஏனென்றால் இதில் விற்க ஒன்றும் இல்லை.

சரி, வி60-தான் என்று முடிவாகிவிட்டால் முதலில் மூக்கைப் பாருங்கள். வேலூர்க் கடைகளில் இந்த வகை கைக்கு எளிதில் கிடைப்பதில்லை, பெரும்பாலும் ஆன்லைன்தான். அதனால் திருப்பி அனுப்பும் நாள் முடிவதற்குள் வீட்டிலேயே சோதித்துவிட வேண்டும். நான் செய்வது இது. ஒரு தட்டில் ஒரு ரூபாய் நாணயத்தை வைத்து, ஒரு சாண் உயரத்திலிருந்து பச்சைத்தண்ணீரை நாணயத்தின் மேலேயே பத்து வினாடி ஊற்றிப் பார்ப்பேன். ஒழுக்கு அறுந்து சொட்டாக மாறாமல், மெல்லிசாக, நேர் கீழாக விழ வேண்டும். பத்து வினாடியில் நாற்பது ஐம்பது மில்லி அளவில் நிறுத்திப் பிடிக்க முடிகிறதா என்று பார்க்கிறேன். பிறகு கெட்டிலை நிமிர்த்தும்போது கடைசிச் சொட்டு மூக்கைத் தழுவிக்கொண்டு கீழே வழிகிறதா என்று பாருங்கள். வழிந்தால் அது தினமும் வழியும், மேடையில் தினமும் துடைப்பீர்கள். மூக்கு நுனி நன்றாகக் கீழ்நோக்கி மடங்கிய கெட்டில்களில் இந்தத் தொல்லை குறைவு.

அடுத்து கைப்பிடி. ஒரு லிட்டர் தண்ணீர் ஒரு கிலோ. அதோடு கெட்டிலின் எடை அரைக்கிலோவுக்கு மேல். நான் அக்காவுக்குக் கொடுத்தது அப்படிப்பட்ட ஒரு லிட்டர் கெட்டில்தான். மூன்று நிமிடம் வட்டம் போட்டு ஊற்றுவதற்குள் மணிக்கட்டு பேச ஆரம்பித்துவிடும். ஒரு ஆள் காபிக்கு 15 கிராம் பொடி, 240 மில்லி தண்ணீர். பேப்பரை அலச இன்னொரு நூறு. இரண்டு பேருக்கே அறுநூறுக்குள் முடிந்துவிடும். 600-லிருந்து 800 மில்லி போதும். நாலு பேர் வந்தால் அன்றைக்குப் பித்தளை பில்டர் இருக்கிறது.

இனி அடுப்பா, கரண்டா. அடுப்பு வகையில் விலை குறைவு, கெட்டுப்போக ஒன்றுமில்லை. ஆனால் அடி சிறியது, கேஸ் அடுப்பின் பெரிய பர்னரில் வைத்தால் தீ பக்கவாட்டில் ஏறிக் கைப்பிடியைச் சுடும். சின்ன பர்னரில் மட்டும் வையுங்கள். இண்டக்ஷன் என்றால் வாங்குமுன் அடியில் ஒரு காந்தத்தை ஒட்டிப் பாருங்கள். சில ஸ்டீல் காந்தத்தில் ஒட்டாது, ஒட்டாத அடி இண்டக்ஷனில் சூடாகாது. சில மாடல்களில் மூடியில் தெர்மாமீட்டர் சொருகியிருக்கும். தண்ணீர் குறைவாக இருந்தால் அதன் முனை தண்ணீரைத் தொடாமல் ஆவியை அளந்துகொண்டிருக்கும், நம்பிவிடாதீர்கள்.

சூட்டைத் தேர்ந்தெடுக்கும் கரண்ட் கெட்டிலின் சௌகரியம், 93 என்று வைத்தால் 93-இல் நிற்கும். ஆயிரம் வாட் கெட்டில் அரை லிட்டரை 30 டிகிரியிலிருந்து 93-க்குக் கொண்டுபோகக் கணக்குப்படி இரண்டே கால் நிமிடம், வெளியே போகும் சூட்டையும் சேர்த்தால் இரண்டரை. ஆயிரம் வாட் என்றால் நாலரை ஆம்பியர்கூட வராது, சமையலறையின் சாதாரண 6 ஆம்பியர் பிளக்கே தாங்கும். 1500 வாட் என்றால் 16 ஆம்பியர் பிளக் வேண்டும். கரண்ட் போனால் இன்வெர்ட்டரில் போடலாம் என்று மட்டும் நினைக்காதீர்கள். வீட்டு இன்வெர்ட்டர்கள் பெரும்பாலும் இவ்வளவு லோடைத் தாங்காது.

கருகிய கதை இங்கேதான் வருகிறது. அமெரிக்காவிலிருந்து வந்த சித்தி மகன் ஆசையாக ஒரு கெட்டில் கொண்டுவந்தான். அடியில் 120 வோல்ட் என்று பொடி எழுத்தில் இருந்ததை நான் படிக்கவில்லை. பின் மாற்றும் அடாப்டரைப் போட்டுச் சொருகினேன். அடாப்டர் பின்னின் வடிவத்தைத்தான் மாற்றும், வோல்டேஜை மாற்றாது. 230 வோல்ட்டில் அந்தச் சுருள் மூன்றரை மடங்குக்கும் மேல் சக்தியை இழுத்தது. சில வினாடி, "டப்" என்று ஒரு சத்தம், வயர் கருகும் வாடை, எம்.சி.பி. விழுந்தது. "அண்ணா, காபி?" என்று கூடத்திலிருந்து அவன் கேட்டான். அன்றைக்கு எல்லாரும் அம்மாவின் டிகாஷன்தான் குடித்தோம். வெளிநாட்டிலிருந்து யாராவது கொண்டுவந்தால் அடியைத் திருப்பிப் படியுங்கள்.

சூட்டைப் பற்றி. போர் ஓவருக்கு 90-லிருந்து 96 டிகிரி வரை. லேசாக வறுத்த கொட்டைக்கு மேல் பக்கம், கறுக்க வறுத்ததற்குக் கீழ்ப் பக்கம். கிரீன் டீக்கு 70-லிருந்து 80. அதற்கு மேல் போனால் கசப்பும் துவர்ப்பும்தான் முன்னால் வந்து நிற்கும். கறுப்பு டீக்கு நன்றாகக் கொதித்த தண்ணீர். தினமும் கிரீன் டீயும் காபியும் மாறி மாறிப் போடுகிறவருக்குத்தான் சூட்டைத் தேர்ந்தெடுக்கும் கெட்டில் பணத்துக்கு ஈடு. காபிக்கு மட்டும் என்றால் கொதித்ததும் இறக்கி, மூடியைத் திறந்து அரை நிமிடமோ ஒரு நிமிடமோ விட்டு ஊற்றினாலே போதும். எப்போதாவது கிரீன் டீ என்றால் இரண்டு டம்ளரில் மாற்றி மாற்றி ஆற்றுங்கள், நமக்கு ஆற்றத் தெரியாதா என்ன! இன்னொரு விஷயம், ஏலகிரியில் வீடெடுத்துத் தங்கும்போது இந்த ஆற்றும் வேலையே வேண்டாம். 1,100 மீட்டர் உயரத்தில் தண்ணீர் 96 டிகிரி சுமாரிலேயே கொதித்துவிடும், இறக்கியதும் ஊற்றலாம்.

எங்கள் ஊரில் இதையெல்லாம் விடப் பெரிய விஷயம் தண்ணீர். போர் ஓவருக்குப் போர் தண்ணீர் ஆகாது. எங்கள் தெரு ஆழ்குழாய்த் தண்ணீரில் டிடிஎஸ் மீட்டரை (தண்ணீரில் கரைந்திருக்கும் உப்பை அளப்பது) விட்டால் ஆயிரத்தைத் தாண்டுகிறது. நல்ல காபிக்குச் சொல்லும் அளவு 150-ஐ ஒட்டி. ஆயிரம் அளவுக்கு உப்பு இருந்தால் காபியின் புளிப்பு அமுங்கிப்போய் சுண்ணாம்பு தட்டும். கெட்டிலோ இரண்டு மாதத்தில் உள்ளே வெள்ளை பூக்கும். சாதாரண கெட்டில் என்றால் தேய்த்துக் கழுவிவிடலாம். கூஸ்நெக்கில் அந்தச் செதில்கள் மூக்குக்குள் போய் அடைத்து, நேராக விழுந்த தண்ணீர் கோணலாக விழ ஆரம்பிக்கும். ஆர்.ஓ. தண்ணீர் மட்டும் என்றால் காபி சப்பென்று இருக்கும். நான் ஆர்.ஓ. தண்ணீரோடு குழாயில் வரும் காவிரிக் கூட்டுக் குடிநீரைக் கலந்து, மீட்டரில் 150 பக்கம் வரும்படி வைத்துக்கொள்கிறேன். மாதம் ஒரு முறை அரை லிட்டர் தண்ணீரில் ஒரு டீஸ்பூன் சிட்ரிக் ஆசிட் போட்டுக் கொதிக்கவிட்டு, அரை மணி நேரம் ஊறவைத்து, அந்தத் தண்ணீரை மூக்கு வழியாகவே ஊற்றிக் கொட்டுவேன். பிறகு இரண்டு முறை வெறும் தண்ணீர். மேல் வாய் உங்கள் கை நுழையும் அளவுக்கு அகலமாக இருக்கிறதா என்பதை வாங்கும்போதே பாருங்கள். வேலூர், திருப்பத்தூர், ராணிப்பேட்டை பக்கத்து ஆள் என்றால் இதை மூக்குக்கு அடுத்த இடத்தில் வைப்பேன், கைப்பிடிக்கும் முன்னால்.

விலைக்கு வருகிறேன். பதினைந்தாயிரம் ரூபாய்க் கெட்டிலில் மூக்கு நன்றாகத்தான் இருக்கும், சூடு ஒரு டிகிரி பிசகாது, மேடையில் பார்க்க லட்சணமாக இருக்கும். நான் இப்போது பயன்படுத்துவது 700 மில்லி ஸ்டீல், அடுப்பு வகை, 1,450 ரூபாய். அதற்கு மேல் செலவழிக்கக் கையில் இருந்தால் முதலில் நல்ல கிரைண்டர் வாங்குவேன், பொடியின் பதம் சரியில்லை என்றால் எந்த மூக்கும் காப்பாற்றாது.

கடைசியாக, வீட்டில் எல்லாரிடமும் சொல்லிவையுங்கள், அதில் பால் காய்ச்சக் கூடாது. நான் ஊரில் இல்லாத ஒரு நாள் அப்பா, டீ கெட்டில்தானே என்று பாலும் சர்க்கரையும் டீத்தூளும் போட்டு அதிலேயே கொதிக்கவிட்டார். பொங்கியது மூக்கு வழியாக வந்து அடுப்பை அணைத்ததாம். உள்ளே பிடித்த ஏட்டை எடுக்க எனக்குச் சோடா உப்பும், பாட்டில் கழுவும் பிரஷும், ஒரு ஞாயிற்றுக்கிழமையும் செலவாயின. "டீ நல்லாத்தான்டா இருந்துது" என்றார்.