அந்த ஒட்டுக்கேட்கும் அதிகாரியாக நடித்தவர் யார்?

கேள்வி: 'தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்' என்ற ஜெர்மன் படத்தை இப்போதுதான் பார்த்தேன். ஹெட்ஃபோன் மாட்டிக்கொண்டு மாடியில் உட்கார்ந்து ஒரு எழுத்தாளரின் வீட்டை ஒட்டுக்கேட்கிறாரே, அந்த நடிகர் யார்?

பதில்: அவர் பெயர் உல்ரிஷ் மியூஹே. நாலு நாள் தூங்கவிடாத முகம், இல்லையா?

1953-ல் கிழக்கு ஜெர்மனியின் கிரிம்மா என்ற ஊரில் பிறந்தவர். அப்பா விலங்குத் தோலில் உடை தைப்பவர். மகன் கட்டட வேலை பழகினார், அப்புறம் ராணுவ சேவைக்குப் போனார். அங்கே அவரைக் காவலுக்கு நிறுத்திய இடம் பெர்லின் சுவர். மேற்கு பெர்லினுக்குத் தப்பி ஓடுகிறவர்களைச் சுடச் சொல்லி உத்தரவு இருந்த இடம் அது. வயிற்றுப்புண் வந்து அந்த வேலையிலிருந்து விடுபட்டார். 1975-ல் லைப்ஸிக் நகரின் நாடகக் கல்லூரியில் சேர்ந்தார், 1983-ல் கிழக்கு பெர்லினின் புகழ்பெற்ற டாய்ச்சஸ் தியேட்டருக்கு வந்துவிட்டார். அவருடைய பெயர் முதலில் நின்றது மேடையில்தான், சினிமா பிறகு வந்தது.

கேள்வி: கிழக்கு ஜெர்மனியில் வாழ்ந்தவர் என்றால், அந்த அரசு அவரையும் கண்காணித்ததா?

பதில்: கண்காணித்தது. சுவர் விழுந்த பிறகு தன்னைப் பற்றி ரகசியப் போலீஸ் வைத்திருந்த கோப்பைப் படித்துப் பார்த்தார், தகவல் கொடுத்தவர்களில் சக நடிகர்களும் இருந்ததாகச் சொன்னார். பக்கத்தில் நின்று நடித்தவர்கள்! இந்தப் பாத்திரத்துக்கு எப்படித் தயாரானீர்கள் என்று கேட்டபோது, ஞாபகப்படுத்திக்கொண்டேன் என்பதுதான் அவருடைய பதில்.

1989 நவம்பர் 4-ஆம் தேதி பெர்லினின் அலெக்ஸாண்டர்பிளாட்ஸ் சதுக்கத்தில் அரசை எதிர்த்து லட்சக்கணக்கானவர்கள் கூடினார்கள். நாடகக்காரர்கள் முன்னின்று ஏற்பாடு செய்த கூட்டம் அது, அந்த மேடையில் மியூஹேயும் பேசினார். ஐந்து நாள் கழித்து சுவர் திறந்தது. அந்த மாதங்களில் அவர் நாடக ஆசிரியர் ஹைனர் முல்லர் இயக்கத்தில் ஷேக்ஸ்பியரின் ஹாம்லெட்டாக ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தார். சுமார் எட்டு மணி நேர நாடகம். ஒத்திகை தொடங்கியபோது இருந்த நாடு, 1990 மார்ச்சில் அரங்கேறியபோது முதல் சுதந்திரத் தேர்தலையே முடித்திருந்தது. ஒரு காலத்தில் அதே சுவருக்குக் காவல் நின்றவர் இவர் என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனம் கனத்துவிடும்.

அதனால்தான் படத்தில் அவர் அவ்வளவு குறைவாக நடிக்கிறார் என்று நம்புகிறேன். எழுத்தாளர் பியானோ வாசிக்கும் காட்சியை இன்னொரு முறை பாருங்கள். முதலில் மியூஹேயின் முதுகுதான் தெரியும், கேமரா மெல்லச் சுற்றி வரும்போது கன்னத்தில் ஒரு கண்ணீர்க் கோடு, அவ்வளவுதான், முகத்தில் வேறெதுவும் அசையாது. அந்த அரசுக்காகக் காவல் நிற்பது எப்படி இருக்கும், அதே அரசால் கண்காணிக்கப்படுவது எப்படி இருக்கும் என்று இரண்டும் தெரிந்த ஒருவருக்குத்தான் அந்த அடக்கம் வரும்.

கேள்வி: ஜெர்மன்காரர்களுக்கு அவர் டி.வி. நடிகராகத்தான் தெரியும் என்கிறார்களே?

பதில்: அதுவும் சரிதான். 1998 முதல் 2007 வரை இசட்.டி.எஃப். சேனலில் 'கடைசி சாட்சி' என்று பொருள்படும் பெயரில் ஒரு தொடர், 73 பகுதிகள். பிணப் பரிசோதனை செய்யும் மருத்துவராக வருவார்.

கேள்வி: ஆஸ்கர் வாங்கிய பிறகு ஏன் அவரைப் பார்க்க முடியவில்லை?

பதில்: 2006-ல் இந்தப் பாத்திரத்துக்காக அவருக்கு ஐரோப்பியத் திரைப்பட விருது கிடைத்தது. 2007 பிப்ரவரியில் படம் சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கரை வென்றது. அதே வருடம் ஜூலை 22-ஆம் தேதி வயிற்றுப் புற்றுநோயால் இறந்துவிட்டார். வயது 54. உலகம் அவரைக் கண்டுகொண்டு ஒரு வருடம்கூட நிம்மதியாக இருக்கவிடவில்லை நோய்.

இன்னும் பார்க்க வேண்டுமென்றால் இயக்குநர் மிக்கேல் ஹனேக்கேயின் 'ஃபன்னி கேம்ஸ்' (1997) இருக்கிறது. மிகக் கொடூரமான படம், மனத்தைத் தயார்ப்படுத்திக்கொண்டு பாருங்கள். தொடக்கத்திலேயே கோல்ஃப் மட்டையால் கால் உடைக்கப்பட்டு, குடும்பத்தைக் காப்பாற்ற முடியாமல் கிடக்கும் தகப்பனாக வருவார். மனைவியாக நடித்திருக்கும் சுசன்னே லோத்தார் நிஜத்திலும் அவர் மனைவிதான்.